ஒரு பாட்டுக்குள் அடங்காத மனுஷர்: காருகுறிச்சி அருணாசலம்

(எபிசோடின் எழுத்து வடிவம். படிக்க வசதியாகச் சில இடங்களில் திருத்தப்பட்டுள்ளது.)

இந்த எபிசோடை நான் பண்ணின ஒரு தப்பிலிருந்து ஆரம்பிக்கிறேன்.

எங்க ஊர் பசுவந்தனை. கோவில்பட்டியில பஸ் ஏறி, தென்கிழக்கா கரிசக்காட்டுக்கு நடுவுல போனா வரும். மழை பெஞ்சா செருப்போட ஒட்டிக்கிட்டு வர்ற கருப்பு மண்ணு. வெயில் காலத்துல அதே மண்ணு பாளம் பாளமா வெடிச்சுக் கிடக்கும். கைலாசநாதர் கோயில் இருக்கிற ஊர்னு சொன்னா அந்தப் பக்கத்து ஆளுங்களுக்குத் தெரியும்.

சில வருஷத்துக்கு முன்னாடி அங்க ஒரு சொந்தக்காரர் வீட்டுக் கல்யாணம். சென்னையில வேலை பாக்கிறவன், மைக்ல நல்லா பேசுவான்னு சொல்லி, அறிவிப்புப் பண்ற வேலையை என்கிட்ட கொடுத்துட்டாங்க. தாலி கட்டி முடிஞ்சது. மேடைக்குப் பக்கத்துல உக்காந்திருந்த நாயனக்காரர், வயசான மனுஷர், கண்ணை மூடிக்கிட்டு ஏதோ ஒரு ராகத்தை மெதுவா ஆரம்பிச்சார். எனக்கு அது என்ன ராகம்னு தெரியாது. யாரும் கேக்கவும் இல்லை. போட்டோவுக்கு வரிசை, மொய்க்கு வரிசை, பந்திக்கு வரிசை. நான் மைக்கைக் கையில எடுத்தேன். அவரைப் பாத்து, போதும்ங்கிற மாதிரி கையைக் காட்டினேன்.

அவர் நிறுத்திட்டார். கோபமே இல்லாம, ரொம்பப் பழகிப்போன மாதிரி நிறுத்தினார். அதுதான் இப்பவும் உறுத்துது.

கொஞ்ச நேரம் கழிச்சு யாரோ ஒரு மாமா, "சிங்கார வேலனே வாசிங்கய்யா"ன்னு கத்தினார். அவர் வாசிச்சார். அதுவரைக்கும் திரும்பிக்கூட பாக்காத கூட்டம் மொத்தமா செல்போனைத் தூக்கிடுச்சு. முடிஞ்சதும் கைத்தட்டல்.

பந்தியில அவர் எனக்குப் பக்கத்து இலை. "நல்லா வாசிச்சீங்கய்யா"ன்னு சொன்னேன். அவர் சிரிச்சுட்டு, "தம்பி, அந்தப் பாட்டுக்கு வாசிச்சவர் ராகம் வாசிச்சுக் கேட்டிருக்கீங்களா?"ன்னு கேட்டார். யாருன்னு கேட்டேன். "கோவில்பட்டியில சிலை இருக்கே, அவர்தான்"னார்.

அந்தச் சிலையை நான் பாத்திருக்கேன். கையில நாதஸ்வரத்தோட ஒருத்தர். ஆனா யாருன்னு ஒரு தடவைகூட கேட்டதில்லை. இந்த எபிசோட் அவரைப் பத்தினது. பேரு காருகுறிச்சி அருணாசலம்.

ஆத்தங்கரையிலிருந்து வந்தவர்

அருணாசலம் பிறந்தது 1921-ல. காருகுறிச்சி, திருநெல்வேலிக்கு மேற்கே சேரன்மகாதேவி பக்கம் இருக்கிற ஊர். தாமிரபரணிப் பாசனம், வயல், குளம், மண்பானை செய்யறவங்க. பசுவந்தனைக்காரன் கண்ணுக்கு அது வேற உலகம். எங்க ஊர்ல மழையைப் பாத்து விதைப்போம். அங்க ஆத்தைப் பாத்து விதைப்பாங்க.

ஆனா நாதஸ்வர உலகத்துக் கணக்குல அதுவும் ஒரு ஓரமான ஊர்தான். காரணம், அந்த உலகத்தோட மையம் காவிரிக் கரை. தஞ்சாவூர், கும்பகோணம், மாயவரம், திருவாரூர். பெரிய கோயில்கள், கோயிலுக்கு நிலம், மேளக்காரங்களுக்கு மானியம், திருவாவடுதுறை மாதிரி ஆதீனங்கள். தலைமுறை தலைமுறையா நாயனமும் தவிலும் வாசிக்கிற குடும்பங்கள் அந்தத் தெருக்கள்லயே இருந்தாங்க. ஒரு பையன் தூங்கி எந்திரிச்சாலே காதுல ராகம் விழும். தெக்கே திருநெல்வேலியில நல்ல வித்வான்கள் இருந்தாங்க. ஆனா பேர் வாங்கணும்னா காவிரிக் கரைக்காரங்க ஒத்துக்கணும். ஒரு திருநெல்வேலிப் பையன் இந்தத் துறையில முதல் வரிசைக்கு வர்றது அவ்வளவு சுலபம் இல்லை.

அந்த இடைவெளியைத் தாண்டிப் போக அருணாசலத்துக்கு ஒரு குரு கிடைச்சார். அவரும் சாதாரண ஆள் இல்லை, டி.என்.ராஜரத்தினம் பிள்ளை.

குரு என்ன பண்ணினார்?

ராஜரத்தினம் பிள்ளையைப் பத்தித் தனியா பத்து எபிசோட் போடலாம். இங்க சுருக்கமா சொல்றேன். 1898-ல பிறந்தவர், திருவாவடுதுறைக்காரர். நாதஸ்வரச் சக்கரவர்த்தின்னு பேர். தோடி ராகம்னு சொன்னா அவர் பேர்தான் முதல்ல வரும். பந்தியில அந்தப் பெரியவர் சொல்லித்தான் எனக்குத் தெரிஞ்சது: அன்னைக்கு நான் கையைக் காட்டி நிறுத்தின ராகமும் தோடி.

அந்தக் காலத்துல நாயனக்காரருக்கு மரியாதை எப்படி இருந்ததுன்னு தெரிஞ்சாத்தான் ராஜரத்தினம் பண்ணினது புரியும். மேல்துண்டை இடுப்புல கட்டிக்கிட்டு, நின்னுக்கிட்டே வாசிக்கணும். பாட்டுக் கச்சேரி பண்றவர் மேடையில உக்காருவார். நாயனக்காரர் வாசல்லயோ பந்தல் ஓரத்துலயோ நிப்பார். ஒரே ராகம், ஒரே தாளம், ஒரே கீர்த்தனை, ஆனா ரெண்டு மரியாதை. ராஜரத்தினம் குடுமியை எடுத்து கிராப் வெட்டிக்கிட்டார். ஷெர்வானி போட்டார். மேடையில உக்காந்து வாசிச்சார்.

வாத்தியத்தையும் அவர் விட்டு வைக்கலை. அதுவரைக்கும் அதிகமா வாசிச்சது திமிரி நாயனம். நீளம் கம்மி, சத்தம் கூர்மை, சுருதி மேல இருக்கும். தெருவுல, கூட்டத்துல தூரத்துக்குக் கேக்கணும்னா அதுதான் சரி. ஆனா ராகத்தை இழைச்சு இழைச்சு வாசிக்க அது கஷ்டம். கும்பகோணம் பக்கத்துல நரசிங்கம்பேட்டைன்னு ஒரு ஊர். ஆச்சா மரத்துல நாதஸ்வரம் கடையறவங்க இருக்கிற ஊர். 2022-ல அந்த ஊர் நாதஸ்வரத்துக்குப் புவிசார் குறியீடு கிடைச்சது. அங்க ரங்கநாத ஆசாரின்னு ஒரு கைவினைஞர். அவரும் ராஜரத்தினமும் சேர்ந்து கொண்டுவந்ததுதான் பாரி நாயனம். இன்னும் நீளம், இன்னும் தாழ்ந்த சுருதி, உருண்டு வர்ற நாதம். இன்னைக்கு நீங்க கேக்கிற பெரிய நாதஸ்வரம் பெரும்பாலும் அந்த வழியில வந்ததுதான்.

அருணாசலம் இந்தப் பள்ளிக்கூடத்துல படிச்சவர். கத்துக்கிட்ட முறை ரொம்ப முக்கியம். நோட்டுல எழுதிக்கிட்டு இல்லை, குருவுக்கு ரெண்டாம் நாயனம் வாசிச்சுக் கத்துக்கிட்டார்.

ரெண்டாம் நாயனம்னா என்ன? மேளக் கச்சேரியில ரெண்டு நாதஸ்வரம் இருக்கும். முதல் ஆள் ராகத்தை விரிப்பார். ரெண்டாவது ஆள் அவர் விட்ட இடத்தைப் பிடிச்சு வாசிக்கணும், அவர் மூச்சு வாங்கும்போது நாதம் அறுந்து போகாம தாங்கணும். முன்கூட்டியே பேசி வைக்க முடியாது. ராகம் அங்கேயே, அந்த நேரத்துல பிறக்குது. முதல் ஆள் எங்க போகப் போறார்னு அவர் போறதுக்கு முன்னாடியே ரெண்டாவது ஆளுக்குத் தெரிஞ்சிருக்கணும். அதுவும் ராஜரத்தினம் மாதிரி எந்தப் பக்கம் பாய்வார்னே சொல்ல முடியாத ஒருத்தருக்கு! இத்தனை கடுமையான பரீட்சை எந்த யூனிவர்சிட்டியிலயும் கிடையாது.

அப்படிப்பட்ட குருகிட்ட படிச்சா ஒரு ஆபத்து உண்டு. குருவோட நகலா ஆயிடுவோம். அருணாசலம் ஆகலை. ராஜரத்தினத்தோட வாசிப்புல ஒரு கம்பீரம், ஒரு ஆவேசம் இருக்கும். காருகுறிச்சி வாசிப்புல குழைவு. அதே பாரி நாயனம், அதே பாணி, ஆனா காத்து உள்ள போற விதமே வேற. கேட்டுப் பாருங்க, அடுத்தடுத்து கேட்டா உங்களுக்கே தெரியும்.

கரிசல்ல என்ன இருக்கு?

ஆத்தங்கரையில பிறந்தவர், காவிரிக் கரைக் குருகிட்ட படிச்சவர், வாழ வந்தது எங்க தெரியுமா? கோவில்பட்டிக்கு. சொந்த ஊர் பேர் முன்னாடி ஒட்டிக்கிட்டு இருந்தாலும், கோவில்பட்டிக்காரங்க அவரைத் தங்க ஊர் ஆளாத்தான் நினைக்கிறாங்க.

கோவில்பட்டின்னா உங்களுக்குக் கடலை மிட்டாய் ஞாபகம் வரும். தீப்பெட்டி ஞாபகம் வரும். பஞ்சு மில் ஞாபகம் வரும். சங்கீதம் ஞாபகம் வராது. ஆனா நீங்க வரைபடத்தைக் கொஞ்சம் பக்கத்துல வெச்சுப் பாருங்க.

கோவில்பட்டிக்குக் கிழக்கே எட்டயபுரம். பாரதி பிறந்த ஊர்னு எல்லாருக்கும் தெரியும். முத்துசுவாமி தீட்சிதர் கடைசியா வாழ்ந்து, 1835-ல இறந்ததும் அங்கதான். அவர் சமாதி இன்னைக்கும் இருக்கு. அவர் தம்பி பாலுசுவாமி தீட்சிதர் எட்டயபுரம் அரண்மனை வித்வான். வெள்ளைக்காரங்க கொண்டுவந்த வயலினைக் கர்நாடக இசைக்குள்ள கொண்டுவந்தவங்கள்ல முதன்மையானவர். அந்த வம்சத்துல வந்த சுப்பராம தீட்சிதர் 1904-ல 'சங்கீத சம்பிரதாய பிரதர்சினி'ன்னு ஒரு பெரிய புத்தகத்தை எட்டயபுரத்துலயே அச்சுப் போட்டார். தீட்சிதர் கீர்த்தனைகளை ஸ்வரத்தோட தெரிஞ்சுக்க இன்னைக்கும் எல்லாரும் போய் நிக்கிற இடம் அந்தப் புத்தகம்.

இன்னும் கிழக்கே விளாத்திகுளம். அங்க விளாத்திகுளம் சுவாமிகள்னு ஒருத்தர் இருந்தார். ராகம் பாடுறதுக்காகவே பேர் வாங்கினவர். கோவில்பட்டிக்குத் தெற்கே இடைசெவல். கி.ராஜநாராயணனும் கு.அழகிரிசாமியும் பிறந்த ஊர். ரெண்டு பேரும் எழுத்தாளர்கள், ரெண்டு பேருமே சங்கீதப் பித்தர்கள். ரெண்டு பேருமே 1923. அருணாசலத்துக்கு ரெண்டு வயசு இளையவங்க.

எங்க ஊர் தண்ணி இல்லாத ஊர். பாட்டு இல்லாத ஊர் இல்லை.

கூடவே நடைமுறை காரணமும் இருந்திருக்கும்னு எனக்குத் தோணுது. கோவில்பட்டி, மதுரைக்கும் திருநெல்வேலிக்கும் நடுவுல மெயின் லைன் ரயில் நிக்கிற ஊர். நாயனக்காரர் வாழ்க்கை பயணத்துலயே ஓடுற வாழ்க்கை. இன்னைக்கு ஒரு ஊர் கல்யாணம், நாளைக்கு ஒரு ஊர் கொடை, அடுத்து ஒரு தேர். பஞ்சுலயும் மில்லுலயும் காசு புழங்கின ஊர் வேற. காவிரிக் கரையில கோயில் நிலம் வித்வானைத் தாங்கிச்சு. கரிசல்ல கல்யாணப் பந்தல் தாங்கிச்சு.

ஒரு ராத்திரி எப்படி இருந்திருக்கும்?

இப்போ நாம கேக்கிற கச்சேரி ரெண்டு மணி நேரம், ஏசி ஹால். அருணாசலம் வாசிச்ச காலத்துக் கோயில் கச்சேரி அப்படி இல்லை.

திருவிழா ராத்திரி. சாமி புறப்பாடு. முதல்ல மல்லாரி. கம்பீர நாட்டை ராகத்துல, வார்த்தையே இல்லாம, வெறும் நாயனமும் தவிலும். சாமி கிளம்புதுன்னு ஊருக்குச் சொல்ற இசை அது. அப்புறம் சாமி நகர நகர, தெரு நகர நகர, ராகம் நகரும். ஒரு தெருமுனையில நிப்பாங்க. அங்க ஒரு ராகத்தை எடுப்பாங்க. அதை எவ்வளவு நேரம் வாசிக்கணும்னு யாரும் சொல்ல மாட்டாங்க. கூட்டம் கேட்டா நீளும். தவில்காரருக்கு ஒரு இடம். மறுபடி நகரும். மைக் வந்த காலத்துல மைக் உண்டு. மைக் இல்லாத இடத்துல அந்த மரக்குழாய்தான் மைக்.

அந்த வாத்தியத்துக்குள்ள போற காத்தைக் கொஞ்சம் யோசிங்க. வாயில வைக்கிற துண்டுக்குப் பேர் சீவாளி. கொறுக்கைங்கிற நாணல்ல செய்யறது. ஈரம் கூடினாலும் குறைஞ்சாலும் சுருதி மாறும். அதனாலதான் நாயனக்காரங்க பக்கத்துல நாலஞ்சு சீவாளி கோத்துத் தொங்கும். விரல் வைக்க 7 துளை. வீணையில கம்பியை இழுத்து கமகம் கொடுக்கலாம். இங்க இழுக்க எதுவும் இல்லை. ஒரு ஸ்வரத்துலேர்ந்து இன்னொண்ணுக்கு வழுக்கிக்கிட்டுப் போறது முழுக்க உதடும் மூச்சும் விரலைப் பாதி மூடுறதும். இதை ராத்திரி முழுக்க, நின்னுக்கிட்டும் நடந்துக்கிட்டும் பண்ணணும். குழைவா வாசிக்கிறது பலமா ஊதறதைவிடக் கஷ்டம். மூச்சை அடக்கணும். காருகுறிச்சியோட தனித்தன்மை அந்த அடக்கத்துலதான் இருந்துச்சு.

ராக ஆலாபனைக்குத் தாளம் கிடையாது, சாகித்யம் கிடையாது. மனோதர்மம்னு சொல்வாங்க. நேத்து வாசிச்ச அதே ராகம் இன்னைக்கு வேற மாதிரி வரும். அதுதான் கலை. அதுதான் பிரச்சினையும். காரணம், விடிஞ்சதும் அது போயிடும்.

இதே கதை போலந்துல

இங்க ஒரு பெரிய ஜம்ப் அடிக்கிறேன், கூட வாங்க. உங்கள்ல ஜாஸ் கேக்கிறவங்க நிறைய பேர் இருப்பீங்க. ஜாஸோட உயிரே அந்த இடத்துல, அந்த நேரத்துல உருவாக்கி வாசிக்கிறதுதான். அந்த விதத்துல ஒரு ஜாஸ்காரர் நம்ம நாயனக்காரருக்கு ரொம்பப் பக்கத்துச் சொந்தம்.

போலந்துல கிறிஸ்டோஃப் கொமெடான்னு ஒரு பியானோக்காரர் இருந்தார். 1931-ல போஸ்னான் நகரத்துல பிறந்தவர். தொழில், காது மூக்கு தொண்டை டாக்டர். ஸ்டாலின் காலத்துல அங்க ஜாஸ்னாலே சந்தேகத்தோட பாப்பாங்க. அதனால ஆஸ்பத்திரியில கூட வேலை பாக்கிறவங்களுக்குத் தெரிய வேண்டாம்னு, இசைக்கு மட்டும் கொமெடாங்கிற பேரை வெச்சுக்கிட்டார். கெடுபிடி தளர்ந்து, 1956 ஆகஸ்ட்ல சோபோட்டுங்கிற கடற்கரை ஊர்ல ஜாஸ் விழா நடந்தப்போ அவர் குழு வாசிச்சது. அங்கேருந்து பேர் பரவிச்சு.

அதே 1956, டிசம்பர்ல இங்க ராஜரத்தினம் பிள்ளை காலமானார். காருகுறிச்சிக்கு அப்போ 35 வயசு. குரு இல்லாத மேடையில முதல் நாயனக்காரர்னா அடுத்தது இவர்தான்னு ஊர் பாத்துக்கிட்டு இருந்த நேரம்.

அடுத்து 1962. கொமெடா இசையமைச்ச 'தண்ணீரில் கத்தி' படம் வந்தது. ரோமன் போலான்ஸ்கியோட முதல் முழுநீளப் படம். அதே 1962-ல இங்க 'கொஞ்சும் சலங்கை' வந்தது.

ரெண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் கேள்விப்பட்டிருக்கக்கூட வாய்ப்பில்லை. ஆனா ரெண்டு பேருக்கும் நடந்தது ஒண்ணுதான். ராத்திரி ராத்திரியா அங்கேயே உருவாக்கி வாசிச்ச ஒரு கலைஞனை, சினிமா லட்சக்கணக்கான பேர் வீட்டுக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தது. சேர்த்துட்டு, அந்த ஒரே உருவத்துல நிறுத்திடுச்சு. கொமெடான்னா உலகத்துல பாதிப் பேருக்கு 'ரோஸ்மேரியின் குழந்தை' படத்துல வர்ற அந்தத் தாலாட்டுதான். காருகுறிச்சின்னா நமக்கு 'சிங்கார வேலனே'.

அந்தப் பாட்டு

அந்தப் பாட்டைக் குறை சொல்ல நான் வரலை. அது ஒரு அற்புதம்.

படம் எம்.வி.ராமன் இயக்கினது. இசை எஸ்.எம்.சுப்பையா நாயுடு. பாட்டு எழுதினவர் கு.மா.பாலசுப்பிரமணியம். பாடினது எஸ்.ஜானகி. அப்போ ஜானகியம்மா சினிமாவுக்கு வந்து அஞ்சு வருஷம்தான் ஆகியிருந்தது. திரையில சாவித்திரி பாடுவாங்க, ஜெமினி கணேசன் நாதஸ்வரம் வாசிப்பார். நாயனத்துக்குள்ள இருக்கிற மூச்சு காருகுறிச்சியோடது.

ராகம் ஆபேரி. ஏறும்போது 5 ஸ்வரம், இறங்கும்போது 7. அதனாலேயே அந்த ராகம் ஏறும்போது துள்ளி ஏறும், இறங்கும்போது ஒவ்வொரு படியா தொட்டுத் தொட்டு இறங்கும். பாட்டோட கடைசிப் பகுதியில குரல் ஒரு ஸ்வர வரிசை சொல்லும், நாயனம் பதில் சொல்லும். குரல் நீட்டும், நாயனமும் நீட்டும். கடைசியில ரெண்டும் சேர்ந்து ஓடும்.

எவ்வளவு ரிஸ்க்னு யோசிச்சுப் பாருங்க. நாதஸ்வரம் திறந்த வெளிக்குப் பிறந்த வாத்தியம், தேரோட ஓடுற வாத்தியம். ஒரு பெண் குரலுக்குப் பக்கத்துல அதை வெச்சா குரல் காணாமப் போயிடும். ஆனா அந்தப் பாட்டுல ஒரு இடத்துலகூட நாயனம் குரலை அமுக்கலை. எங்க நாயனம் முடியுது, எங்க குரல் ஆரம்பிக்குதுன்னு சில இடத்துல நாம நிதானிச்சுக் கேக்க வேண்டியிருக்கு. நான் முன்னாடி சொன்ன அந்த அடக்கம்தான் இது. பல வருஷம் ரெண்டாம் நாயனமா இன்னொருத்தர் மூச்சைக் கேட்டுக் கேட்டு வாசிச்ச ஆளால மட்டும்தான் ஒரு குரலுக்கு அப்படி இடம் விட முடியும்னு எனக்குத் தோணுது.

படம் வந்து ரெண்டே வருஷம். 1964 ஏப்ரல்ல காருகுறிச்சி அருணாசலம் இறந்துபோனார். வயசு 43-ஐத் தாண்டலை. குரு போனதுக்கு அப்புறம் அவருக்குக் கிடைச்சது எட்டு வருஷம்கூட இல்லை. கொமெடாவும் அப்படித்தான், 1969 ஏப்ரல்ல போனார். 38 முடியறதுக்கு நாலு நாள் பாக்கி.

எது தங்கும்?

இந்த ரெண்டு பேர் கதையும் ஒரு இடத்துல பிரியுது. அந்த இடம்தான் இன்னைக்கு நான் சொல்ல வந்தது.

கொமெடா 1965 டிசம்பர்ல வார்சாவில 'அஸ்டிக்மாட்டிக்'னு ஒரு ஆல்பம் பதிவு பண்ணினார். அதுல மொத்தமே மூணு உருப்படிதான். முதல் உருப்படி 22 நிமிஷத்துக்கு மேல. போலந்து அரசாங்க ரெக்கார்ட் கம்பெனி அதை அப்படியே வெளியிட்டது. ஐரோப்பாவோட முக்கியமான ஜாஸ் பதிவுகள்ல ஒண்ணுன்னு இன்னைக்கும் பேசுறாங்க. சினிமாப் பாட்டு மூலமா கொமெடாவைக் கண்டுபிடிக்கிற ஒருத்தர், அடுத்த படியா அந்த 22 நிமிஷத்துக்குப் போகலாம். கதவு திறந்தா உள்ள வீடு இருக்கு.

நம்ம நாயனக்காரங்க வாழ்ந்தது பெரும்பாலும் 78 ஆர்.பி.எம். இசைத்தட்டுக் காலம். ஒரு பக்கத்துக்கு மூணு நிமிஷத்துக்குக் கொஞ்சம் மேல. ராத்திரி முழுக்க வாசிக்கிற மனுஷரை மூணு நிமிஷத்துக்குள்ள மடிச்சு வெச்சாங்க. ராஜரத்தினத்தோட தோடி இசைத்தட்டு அவ்வளவு பிரபலம். ஆனா அதுகூட அவர் வாசிச்ச தோடியோட ஒரு துளிதான். காருகுறிச்சிக்கும் அதே நிலைமை. தெருமுனையில நின்னு வாசிச்ச ராகங்கள்ல பெரும்பகுதி விடிஞ்சதும் போயிடுச்சு.

ஆனா எல்லாமே போயிடலை. அவரோட கச்சேரிப் பதிவுகள் சிலது தப்பிச்சிருக்கு. இன்னைக்கு நெட்ல தேடினா கேக்கலாம். தரம் சுமார்தான். இரைச்சல் இருக்கும், தவில் சில இடத்துல மேல ஏறி நிக்கும். ஆனா கண்ணை மூடிக் கேட்டா ஒரு விஷயம் புரியும். 'சிங்கார வேலனே'ல நாம கேட்டது ஒரு வாசல்.

முதல் தடவை கேக்கிறவங்களுக்கு ஒரு யோசனை. வேலை பாத்துக்கிட்டே பின்னணியில ஓட விடாதீங்க. முதல்ல 'சிங்கார வேலனே' கேளுங்க. உடனே அவரோட ஒரு நீளமான ராக ஆலாபனையைப் போடுங்க. முதல் அஞ்சு நிமிஷம் எதுவுமே நடக்காத மாதிரி இருக்கும். அப்போ நிறுத்திடாதீங்க. அவர் கீழே இருக்கிற ரெண்டு மூணு ஸ்வரத்தைச் சுத்திச் சுத்தி வருவார். வீடு கட்ட மண்ணைத் திமிசு போட்டு இறுக்கற மாதிரி. மேல் ஸ்வரத்தை எப்போ தொடுறார்னு காத்திருங்க. தொடுற நேரம் தானா தெரியும். ராகம் பேர் தெரியணும்னு அவசியமே இல்லை. எனக்கும் தெரியாமத்தான் ஆரம்பிச்சேன்.

அவர் பிறந்து நூறு வருஷம் 2021-ல முடிஞ்சது. கோவில்பட்டியில சிலை நிக்குது. சிலை வெச்சது நல்ல விஷயம். ஆனா நாயனக்காரருக்கு மரியாதை சிலையில முடியறதில்லை. உசுரோட இருக்கிற நாயனக்காரர் பத்தடி தூரத்துல உக்காந்து வாசிச்சுக்கிட்டு இருக்கும்போது நாம என்ன பண்றோம்ங்கிறதுலதான் அது இருக்கு. ராஜரத்தினம் சண்டை போட்டு மேடையில இடம் வாங்கினார். காருகுறிச்சி தன் வாசிப்பால அந்த இடத்தை உறுதிப்படுத்தினார். இன்னைக்கும் அவங்களுக்கு மேடையில இடம் இருக்கு. காதுலதான் இடம் இல்லை.

போன வருஷம் ஊர்ல இன்னொரு கல்யாணம். மைக் மறுபடியும் என் கையில. இந்தத் தடவை முகூர்த்தத்துக்கு முன்னாடியே நாயனக்காரர்கிட்ட போனேன். வேற ஆள், சின்ன வயசு, முப்பதுகூட இருக்காது. "அண்ணே, தாலி கட்டி முடிஞ்சதும் ஒரு ராகம் முழுசா வாசிங்க. நான் மைக்கைத் தொட மாட்டேன்"னு சொன்னேன். அவர் என்னை ஒரு மாதிரி பாத்தார். கிண்டல் பண்றேன்னு நினைச்சுட்டார் போல. அப்புறம், "எவ்வளவு நேரம்ணே?"ன்னு கேட்டார்.

"உங்களுக்கு எப்போ முடிக்கணும்னு தோணுதோ, அதுவரைக்கும்."

பதினஞ்சு நிமிஷம் வாசிச்சார். பெருசா கூட்டம் எல்லாம் கூடலை. போட்டோ வரிசை அப்படியேதான் இருந்தது. ரெண்டு பெரியவங்க நாற்காலியை இழுத்துப் போட்டுக்கிட்டுப் பக்கத்துல உக்காந்தாங்க. ஒரு சின்னப் பொண்ணு ஐஸ்கிரீமோட வந்து நின்னு, அது கரைஞ்சு கையில வழியற வரைக்கும் அவர் விரலையே பாத்துக்கிட்டு இருந்தா. நான் மைக்கை ஆஃப் பண்ணி மடியில வெச்சிருந்தேன்.

முடிச்சதும் அவரே என்னைப் பாத்து, "சிங்கார வேலனே வாசிக்கவாண்ணே?"ன்னு கேட்டார்.

"வாசிங்க"ன்னேன். அதுக்கு முன்னாடி இருந்ததைக் கேட்டதுக்கு அப்புறம், அந்தப் பாட்டே அன்னைக்கு வேற மாதிரி கேட்டுச்சு.

அடுத்த எபிசோட்ல சந்திப்போம்.